நடுத் தலையணை

எனக்கு வாய் நீளம். மாத்தளையில் என் மாமி வீட்டில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். நாலந்தாவில் அந்த வாடகை வீட்டுக்குள் கால் வைத்ததுமே என் கண்ணில் பட்டது குறைதான். படுக்கை அறை ஜன்னலில் ஒரு கண்ணாடி இல்லை. அந்த இடத்தில் ஆஸ்பத்திரி ஸ்கேன் படம் ஒன்றை வைத்து, நாலு பக்கமும் டேப் ஒட்டியிருந்தது.

"இது என்னத்துக்கு இங்க?" என்று வீட்டுக்காரரைக் கேட்டேன். அவர் பெயர் ரபாயேல், வஹகோட்டைக்காரர், அறுபது வயதிருக்கும்.

"என் சம்சாரத்தோட தலைய எடுத்த படம் புள்ள. மரியாயி. அவ போய் ரெண்டு வருஷம் ஆச்சு. வீசவும் மனசு வரல. மழ தண்ணி வராம இருக்கட்டுமேன்னு ஒட்டிட்டேன். அடுத்த மாசம் கண்ணாடி போட்டுத் தாறேன்."

"எங்க மவுத்தானாங்க?"

அவர் அந்த அறைக் கட்டிலைப் பார்த்தார். பிறகு சாவியை என் கையில் வைத்துவிட்டுப் போய்விட்டார்.

என் கணவர் றம்ஸி தம்புள்ளைச் சந்தையில் மரக்கறிக் கடையொன்றில் வேலை செய்கிறார். அவர் விடியமுன் போக வேண்டும் என்பதற்காகத்தான் இந்த வீடு. மகள் ஜஸ்லாவுக்கு ஆறு வயது. கட்டிலில் இவர் ஒரு பக்கம், நான் ஒரு பக்கம், அவள் நடுவில்.

முதல் நாள் வெள்ளிக்கிழமை, இவருக்கு லீவு. சுபஹ் தொழுதுவிட்டுத் தேத்தண்ணியோடு அறைக்கு வந்தேன். வெயில் ஜன்னலுக்கு வந்திருந்தது. படத்தின் கறுப்பில் வெளிச்சம் நின்றுவிட்டது. அதிலிருந்த வெள்ளைக் கோடுகள் வழியாக மட்டும் உள்ளே வந்து, கட்டிலின் தலைமாட்டுச் சுவரில் விழுந்திருந்தது. கீழிருந்து நாலு தண்டுகள் ஏறி, நடுவில் ஒரு வளையமாகச் சேர்ந்து, அங்கிருந்து இரண்டு பக்கமும் கிளை கிளையாகப் பிரிந்தன. ஒரு பாதி இவருடைய தலையணைக்கு மேலே. மறுபாதி என்னுடையதற்கு மேலே. வளையம் ஜஸ்லாவின் தலைக்கு நேரே.

மீன் வெட்டிய கத்தியைக் கழுவாமல் வைத்தது போல ஒரு வாசம் வந்தது. சுவருக்குள் சத்தமும் கேட்டது. ஸ்ஸூ... ஸ்ஸூ... குழாயில் தண்ணீர் விட்டு விட்டு ஏறுகிற மாதிரி. குசினிக் குழாயை மூடிவிட்டுத்தான் வந்திருந்தேன்.

இவரை எழுப்பிக் காட்டினேன். சிரித்தார்.

"அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்னு சொல்லுவாங்க. ஒனக்கு வெளிச்சமே பேயா முனவ்வரா?"

நானும் சிரித்தேன். அந்தச் சிரிப்பை நினைத்தால் இப்போது என் மீதே எனக்குக் கோபம் வருகிறது.

அடுத்த வெள்ளிக்கிழமை காலையில் சுவரைப் பார்த்தபோது, இவர் பக்கத்தில் இருந்த பெரிய கிளையைக் காணவில்லை.

ஜன்னலில் ஏதும் ஒட்டியிருக்கிறதா என்று போய்ப் பார்த்தேன். ஒன்றுமில்லை. படத்திலேயே அந்தக் கோடு இல்லை.

பின்னால் கோப்பை விழுந்து உடைந்தது.

இவர் கட்டிலில் உட்கார்ந்திருந்தார். வாயின் வலது பக்கம் கோணியிருந்தது. வலது கை மடியில் கிடந்தது. என்னவோ சொல்ல வந்தார், வெறும் சத்தம்தான் வந்தது. யா அல்லாஹ், நான் போட்ட கூச்சலில் ரோட்டில் போன லொறியே நின்றுவிட்டது. அந்த லொறியில்தான் இவரை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம்.

டொக்டர் பிரவீனா பொறுமையாகச் சொன்னார்.

"கழுத்துல முன்னால ரெண்டு, பின்னால ரெண்டுன்னு நாலு ரத்தக் குழாய் மூளைக்கு ஏறுதுங்க. மூளைக்கு அடியில எல்லாம் ஒரு வளையமா சேருது. ஒரு பக்கம் அடைச்சா, அந்த வளையத்தால மத்தப் பக்கம் கொஞ்சம் குடுக்கும். இவருக்கு எடது பக்கத்துப் பெரிய கிளை அடைச்சிருக்கு. வளையமும் அந்த எடத்துல ரொம்ப மெல்லிசு. குடுக்க வழி இல்லம்மா."

"இனிப் பேச மாட்டாரா டொக்டர்?"

"பாப்போம்" என்றார். அந்த வார்த்தையின் பொருள் எனக்குத் தெரியாதா?

பத்து நாளில் வீட்டுக்கு அனுப்பினார்கள். என்னைக் கேலி செய்யாமல் ஒரு கவளம் சோறு இறங்காத மனிதர், கண்ணில் தண்ணீர் வடிய கூரை மோட்டைப் பார்த்துக்கொண்டு கிடந்தார். எனக்கு அவர் பேச வேண்டும். வேறு எதுவும் வேண்டாம்.

மறுநாள் காலை சுவரில் அந்த வெற்றிடத்தைப் பார்த்ததும் ஆத்திரம் பொங்கியது. ஆத்திரக்காரிக்குப் புத்தி மட்டு. தலையில் போட்டிருந்த ஸ்காபில் குத்தியிருந்த குண்டூசியை உருவினேன். ஜன்னலருகே போய், காணாமல் போன கிளையைப் படத்தின் கறுப்பில் கீறினேன். எங்கிருந்து தொடங்குவது? நல்ல வெளிச்சமாக இருந்த இடம் வளையம்தான். அதிலிருந்து இவர் பக்கமாக இழுத்தேன். ஊசி போன வழியே வெயில் உள்ளே வந்தது.

சுவருக்குள் சத்தம் கூடியது.

"முன... முனவ்வரா" என்றார் இவர். "தேத்தண்ணி தா."

அழுதேன், சிரித்தேன், ஸஜ்தாவில் விழுந்தேன். ஒரு வாரத்தில் வலது கையால் தானே ஷேர்ட் பொத்தான் பூட்டினார். வளையம் யார் தலைக்கு நேரே இருக்கிறது என்று ஒரு தரமாவது யோசித்தேனா? இல்லை.

திரும்பவும் ஸ்கேன் எடுத்தார்கள். டொக்டர் பிரவீனா அதை வெகுநேரம் பார்த்தார். குரலைத் தாழ்த்திச் சொன்னார்.

"அடைப்பு அப்படியேதான் இருக்கு. ஆனா அதுக்கு அங்கால ரத்தம் ஓடுது. புதுசா ஒரு குழாய். இது இவரோட கழுத்துல இருந்து வரல. படத்தோட ஓரத்துக்கு வெளிய இருந்து வருது. எங்க இருந்துன்னு எனக்கு விளங்கலம்மா."

நான் ஜஸ்லாவைத் திரும்பிப் பார்த்தேன்.

வாங்குப் பலகையில் உட்கார்ந்திருந்த அவள் கையிலிருந்து பிஸ்கட் விழுந்தது. குனிந்து எடுத்தாள். மறுபடி விழுந்தது.

"உம்மா, என்ட கை தூங்குது."

அங்கேயே வார்டில் சேர்த்தார்கள். பிள்ளையின் முகம் ஒரு பக்கம் சரிந்துகொண்டே வந்தது. அவளை இவரிடம் விட்டுவிட்டு நான் எழுந்து ஓடினேன். "பெத்த புள்ளய இந்தக் கோலத்துல விட்டுட்டு எங்க போறா இவ?" என்று யாரோ சொன்னது காதில் விழுந்தது. சொல்லட்டும்.

பஸ் ஊர்ந்தது. அந்தப் படத்தைக் கிழித்து எறிந்துவிடலாமா என்று வழி முழுக்க நினைத்தேன். கிழித்தால் கோடு அறும். கோடு அறுந்தால் இவர்? கீறிய கீறலை அழிக்கவும் முடியாது.

வீட்டுக்குள் வெயில் இல்லை. அந்த வாசம் மட்டும் இருந்தது. ஸ்ஸூ... ஸ்ஸூ...

ஊசியை எடுத்தேன். இந்த முறை என் தலையணைக்கு மேலே விழும் பெரிய கிளையிலிருந்து தொடங்கினேன். பிஸ்மி சொல்லி, வளையம் வரைக்கும் இழுத்தேன்.

ஃபோன் அடித்தது. இவர்தான். "முனவ்வரா! புள்ள கைய அசைக்கிறா! சிரிக்கிறா!"

அல்ஹம்துலில்லாஹ் என்று சொல்லி முடிப்பதற்குள் ஃபோன் என் வலது கையிலிருந்து நழுவிக் கீழே விழுந்தது.

இது நடந்து மூன்று வாரம். இதை இடது கையால்தான் எழுதுகிறேன். எழுத்துக் கோணலாக இருந்தால் மன்னியுங்கள். எனக்கு வருத்தமில்லை. இரண்டு பேரும் பேசுகிறார்கள், சாப்பிடுகிறார்கள், சண்டை பிடிக்கிறார்கள். நேற்று ரபாயேல் கண்ணாடி கொண்டுவந்தார். வேண்டாம் என்று திருப்பி அனுப்பினேன். அவர் அறைப் பக்கம் திரும்பாமலே போனார்.

இன்று காலை சத்தம் கேட்டு விழித்தேன். ஜஸ்லா கதிரையில் ஏறி ஜன்னலருகே நின்றாள். கையில் என் குண்டூசி.

"ஜஸ்லா! என்ன செய்றே?"

"ஒங்கட கைக்கும் ஒன்னு கீறினேன் உம்மா. வாப்பாக்கு நீங்க கீறினீங்களே, அது மாதிரி."

சுவரைப் பார்த்தேன். பிள்ளைக் கையால் கீறிய கோணல் கோடு ஒன்று என் தலையணைக்கு மேலே வந்து முடிந்தது.

"யார்ட இருந்து கீறினே? வாப்பாட்ட இருந்தா?"

"இல்ல."

"ஒன்ட பக்கத்துல இருந்தா? சொல்லு புள்ள!"

"இல்ல உம்மா, பயப்படாதீங்க." அவள் அல்மாரிக்கும் சுவருக்கும் நடுவிலிருந்த இருட்டைக் காட்டினாள். கோடு அங்கிருந்துதான் வந்தது. "அந்தா நிக்கிற ஆன்ட்டிட இருந்து. அவங்கதான் கீறச் சொன்னாங்க."

"எதுக்கு?"

"அவங்களுக்கு ஒரு கை வேணுமாம்."

அங்கே யாரும் இல்லை. எனக்கு யாரும் தெரியவில்லை. சாவி தந்த அன்று ரபாயேல் இந்தக் கட்டிலைப் பார்த்த பார்வை நினைவுக்கு வந்தது.

மூன்று வாரமாகச் செத்துக் கிடந்த என் வலது கை போர்வைக்குள் குளிர்ந்தது. விரல்கள் ஒவ்வொன்றாக விரிந்தன.

நான் விரிக்கவில்லை.

கை மெதுவாகப் போர்வையை விட்டு வெளியே வந்தது. பிள்ளையிடம் இருந்த ஊசியைக் கேட்டு நீண்டது.