பேசக் கூடாத மலை

"ஐயோ!" என்று மூன்று பேரும் ஒன்றாக அலறினார்கள்.

நூலகத்தில் குலுக்கிப் போட்டு எடுத்த தலைப்புச் சீட்டு ரேடியோவின் கையில் இருந்தது. ரேடியோ அவளுடைய நிஜப் பெயர் இல்லை. காலையில் பள்ளி வாசலில் கால் வைத்ததும் பேச ஆரம்பிப்பாள். கடைசி மணி அடித்த பிறகும் ஓயமாட்டாள். அதனால் வகுப்பில் வைத்த பெயர் அது. அவளுக்கும் அந்தப் பெயர் பிடித்துத்தான் இருந்தது.

சீட்டில் இப்படி எழுதியிருந்தது: 'மலையும் மௌனமும்.'

"மௌனமா? நமக்கா?" என்றாள் எறும்பு. அவளும் ரேடியோவின் குழுதான். எப்போது பார்த்தாலும் எதையாவது தூக்கிக்கொண்டு எங்காவது ஓடிக்கொண்டிருப்பாள்.

அந்தப் பக்கம் இன்னொரு குழுவில் இருந்த சூறாவளி என்ற பையன் தன் சீட்டைத் தலைக்கு மேல் தூக்கி ஆட்டினான். "எங்களுக்குப் பேய்! பேய்க் கதைகள்! ஊஊஊ!"

நூலக அக்கா மேசையைத் தட்டினார். "கொஞ்சம் கேளுங்க. வெள்ளிக்கிழமை வாசிப்பு நாள். ஒவ்வொரு குழுவுக்கும் ஒரு மேசை. உங்க தலைப்புக்கு ஏத்த புத்தகங்களைத் தேடி எடுத்து வைக்கணும். எல்லா மேசையிலும் சம அளவு புத்தகம்தான். வர்றவங்களுக்கு ஆசை காட்டி எடுக்க வைக்கணும். எந்த மேசை முதல்ல காலியாகுதோ, அந்தக் குழுதான் ஜெயிச்சது."

"பரிசு என்னக்கா?"

"புதுப் புத்தகப் பெட்டி ஒண்ணு வந்திருக்கு. நான்கூட இன்னும் திறக்கல. ஜெயிக்கிறவங்கதான் அதைப் பிரிக்கலாம். பிடிச்சதை முதல்ல எடுத்துக்கலாம்."

அக்காவின் நாற்காலிக்குப் பக்கத்தில் அந்தப் பெட்டி இருந்தது. நல்ல பெரிய பெட்டி. எறும்பு நின்றால் அவள் இடுப்பளவு வரும். ரேடியோவுக்கு அதைப் பார்த்ததுமே கை பரபரத்தது.

ஆனால், மலையும் மௌனமும்? யார் எடுப்பார்கள்?

"நாலு புத்தகம்கூடத் தேறாது" என்று ரேடியோ முணுமுணுத்தாள்.

"தேறும்" என்றது ஒரு மெல்லிய குரல்.

அது கண்ணாடி. குழுவின் மூன்றாவது ஆள். மூக்குக் கண்ணாடி போட்ட பையன். கூட்டத்தைக் கண்டால் அவனுக்கு நாக்கு ஒட்டிக்கொள்ளும். ஆனால் நூலகத்தில் எந்தப் புத்தகம் எங்கே இருக்கிறது என்று கேட்டால் கண்ணை மூடிக்கொண்டு சொல்வான். இப்போது அலமாரிகளுக்கு நடுவே ஓட ஆரம்பித்தான்.

"இதைப் பாரு, துப்பறியும் கதை! மலை மேல ஒரு விடுதி. பனி கொட்டி ரோடு மூடிடுது. போன் வேலை செய்யல. அப்போ பார்த்து மேனேஜரோட கைக்கடிகாரம் காணோம்!"

"அப்போ திருடன் உள்ளேயேதான் இருக்கான்!" ரேடியோவின் கண்கள் விரிந்தன.

"இது நிஜமா மலை ஏறினவங்க எழுதினது. ரெண்டு பொண்ணுங்க. காத்து அடிக்கிற அடியில பேசினா கேக்காது. இடுப்புல கட்டின கயித்தாலதான் பேசிப்பாங்க. ஒரு தடவை இழுத்தா நில்லு. ரெண்டு தடவை இழுத்தா வா."

"அடேங்கப்பா! அப்புறம்?"

"இது மாயக் கதை. ஒரு மலையே தூங்குற பூதம். சத்தம் கேட்டா எழுந்துடும். அதனால ஊரே சைகையில பேசுது. ஒருநாள் ஒரு பொண்ணுக்கு ஜலதோஷம் பிடிக்குது!"

"ஐயய்யோ! தும்மல் வந்துடுமே!"

"இது அறிவியல். பனி விழுந்தா ஊர் ஏன் அமைதியாகுதுன்னு சொல்லுது. அப்புறம் இது..." கண்ணாடி குரலைத் தாழ்த்தினான். "பேய்க் கதை. ஒரு மலையில நாம கத்தினா எதிரொலி வரும். ஆனா நாம சொன்னதை அது திருப்பிச் சொல்லாது. வேற ஏதோ பதில் சொல்லும்."

எறும்புக்குப் புல்லரித்தது. "பேய்க் குழுவுக்கே இது கிடைக்கலையா?"

"அவங்க பேய் அலமாரியில மட்டும்தான் தேடினாங்க" என்றான் கண்ணாடி.

அன்றைக்கு வீட்டுக்குப் போன ரேடியோவின் கால்கள் தரையில் பாவவில்லை. குழுவின் சார்பாகப் பேசப்போவது அவள்தான். ஒவ்வொரு கதையையும் எப்படிச் சொல்ல வேண்டும் என்று கூடத்தில் நடந்தபடி சொல்லிப் பார்த்தாள். துணி மடிக்கும்போது சொன்னாள். பல் தேய்க்கும்போது நுரையோடு சொன்னாள்.

அவளுடைய அப்பா ரயில் நிலையத்தில் அறிவிப்பாளர். வீட்டிலும் அவருக்கு அந்தக் குரல்தான். "பயணிகளின் கனிவான கவனத்திற்கு. கூடத்தில் ஓடிக்கொண்டிருக்கும் விரைவு வண்டி இன்னும் சில நிமிடங்களில் படுக்கையறை வந்து சேர வேண்டும்."

"இன்னும் ஒரே ஒரு கதைப்பா!"

அப்படியே வியாழக்கிழமையும் போயிற்று. வெள்ளிக்கிழமை காலையில் எழுந்தவள், "அம்மா" என்று கூப்பிட்டாள்.

வாயிலிருந்து வெறும் காற்றுதான் வந்தது.

மறுபடியும் கூப்பிட்டாள். "க்ர்ர்."

மருந்துக் கடையில் வேலை செய்யும் அம்மா டார்ச் அடித்துத் தொண்டையைப் பார்த்தார். "நல்லா வீங்கியிருக்கு. கத்திக் கத்தியே குரலைத் தொலைச்சிருக்க. இன்னைக்கு ஒரு வார்த்தை பேசக் கூடாது. பேசினா ஒரு வாரத்துக்குக் குரல் வராது."

அப்பாவுக்குக்கூட அன்றைக்கு அறிவிப்பு எதுவும் தோன்றவில்லை. மகளின் முகத்தைப் பார்த்துவிட்டு, தலையைத் தடவிக் கொடுத்தார்.

பள்ளி மண்டபம் சந்தைக்கடை போல இருந்தது. சூறாவளியின் குழு கறுப்புத் துணி கட்டிக்கொண்டு ஊளையிட்டது. பக்கத்து மேசையில் விண்வெளிக் குழு தகர டப்பாவைத் தட்டி ராக்கெட் விட்டது. மலைக் குழுவின் மேசை மட்டும் அழகாக, அமைதியாக இருந்தது. அட்டைப்பெட்டிகளை அடுக்கி வெள்ளைப் போர்வை போர்த்திய பனிமலை. அதன் படிகளில் புத்தகங்கள்.

ரேடியோ தொண்டையைக் காட்டிக் கையை விரித்தாள்.

"என்னது, பேச முடியாதா?" எறும்பு தலையில் கை வைத்தாள். "போச்சு! எல்லாம் போச்சு! கண்ணாடி, நீதான் பேசணும். எல்லாக் கதையும் உனக்குத்தான் நல்லாத் தெரியும்."

கண்ணாடியின் முகத்தில் ஈயாடவில்லை. "நானா? இவ்வளவு பேர் முன்னாடியா?"

"வேற வழி? எனக்குக் கதையெல்லாம் குழம்பிடும். பேசுடா, ப்ளீஸ்!"

"சரி" என்றான் அவன். ஆனால் அவன் கையிலிருந்த புத்தகம் நடுங்கியது. அதை மறைக்க முதுகுக்குப் பின்னால் கையைக் கொண்டுபோனான்.

ரேடியோ அதைப் பார்த்துவிட்டாள்.

பேச முடியாமல் இருப்பது எவ்வளவு கஷ்டம் என்று அன்று காலையில்தான் அவளுக்குத் தெரிந்திருந்தது. பேச வராதவனைப் பேச வைப்பதும் அதே அளவு கஷ்டம்தானே? இவன் தேடிக் கொடுத்த புத்தகங்கள் இவை. இவனையே அழ வைத்து ஜெயித்து என்ன பயன்?

அவள் சட்டென்று தலையை ஆட்டினாள். வேண்டாம். யாரும் பேச வேண்டாம்.

ஒரு சாக்பீஸை எடுத்தாள். கரும்பலகையில் பெரிதாக எழுதினாள்:

'இது பேசக் கூடாத மலை. வாயைத் திறக்காமல் ஏறுங்கள். நாங்கள் நடிக்கும் கதை எந்தப் புத்தகம்? கண்டுபிடித்துத் தொடுங்கள். சரியாகத் தொட்டால் புத்தகம் உங்களுக்கு!'

எறும்பு வாயைப் பிளந்தாள். கண்ணாடி இரண்டு முறை படித்தான். அவன் தோள்கள் மெல்ல இறங்கின. பிறகு அவன் சிரித்தான்.

முதலில் வந்தது இரண்டாம் வகுப்புக் குட்டிப் பெண் ஒருத்தி. "ஏன் பேசக் கூ..." என்று ஆரம்பித்தவளின் முன்னால் ரேடியோ விரலை உதட்டில் வைத்தாள்.

பிறகு நடிக்க ஆரம்பித்தாள். பூனை நடை நடந்தாள். மலையைப் பயத்தோடு பார்த்தாள். திடீரென்று மூக்கைப் பிடித்தாள். தும்மல் வருகிறது! கன்னம் உப்பியது. கண் பிதுங்கியது. ஒரு காலில் குதித்தாள். போர்வையைக் கடித்தாள். எறும்பு மலைக்குப் பின்னால் இருந்துகொண்டு, பூதம் புரண்டு படுப்பதுபோல வெள்ளைப் போர்வையை மெதுவாக அசைத்தாள்.

குட்டிப் பெண் சிரிப்பை அடக்க இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள். ஓடிப்போய்ப் பூதம் படம் போட்ட புத்தகத்தைத் தொட்டாள். சரி!

அவள் அதை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு ஓடினாள். கொஞ்ச நேரத்தில் வகுப்பையே இழுத்துக்கொண்டு திரும்பி வந்தாள்.

அதற்குப் பிறகு மூச்சு விட நேரமில்லை. எறும்பும் ரேடியோவும் ஸ்கிப்பிங் கயிற்றை இடுப்பில் கட்டிக்கொண்டு மலை ஏறினார்கள். ஒரு இழுப்பு, நில். இரண்டு இழுப்பு, வா. எறும்பு ஆர்வத்தில் ஐந்தாறு தடவை இழுத்துவிட, ரேடியோ தொபுக்கென்று தரையில் உட்கார்ந்தாள். கூட்டம் சத்தமில்லாமல் குலுங்கியது. எறும்பு ஒரு மணியை ஆட்டிக் காட்டி, அதைப் பஞ்சுக்குள் புதைத்து மறுபடி ஆட்டினாள். சத்தம் அமுங்கிப்போயிற்று. அறிவியல் புத்தகத்தை நோக்கி ஒரே நேரத்தில் நாலைந்து கைகள் பாய்ந்தன.

"அங்க என்னடா நடக்குது?" என்று சூறாவளி எட்டிப் பார்த்தான். மண்டபத்திலேயே பெரிய கூட்டம் அங்கேதான். ஆனால் சத்தமே வரவில்லை! பொறுக்க முடியாமல் கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னால் வந்து நின்றான்.

அடுத்து எதிரொலிக் கதை. ரேடியோ தயாரானபோது, கண்ணாடி தானாகவே வந்து அவளுக்குப் பின்னால் நின்றான். பேச வேண்டியதில்லை என்றதும் அவனுக்குப் பயமே போய்விட்டது.

ரேடியோ வலது கையைத் தூக்கினாள். பின்னால் கண்ணாடியும் தூக்கினான். அவள் தலையைச் சொறிந்தாள். அவனும் சொறிந்தான். அவள் குனிந்தாள்.

அவன் குனியவில்லை.

அசையாமல் நின்று, மூக்குக் கண்ணாடிக்கு மேலாக அவளையே பார்த்தான். பிறகு மிக மெதுவாக விரலை நீட்டி, 'வேண்டாம்' என்று ஆட்டினான்.

"அம்மாடியோவ்!" என்று அலறிவிட்டு வாயைப் பொத்திக்கொண்டது யார் தெரியுமா? சூறாவளிதான். அதற்குள் வேறொருத்தி அந்தப் புத்தகத்தைப் பறித்துக்கொண்டு போய்விட்டாள்.

நூலக அக்கா ஒலிபெருக்கியில் அறிவித்தார். "பேய் மேசையில ஒரு புத்தகம்தான் பாக்கி. மலை மேசையிலும் ஒண்ணே ஒண்ணுதான் பாக்கி!"

மூவரும் திரும்பிப் பார்த்தார்கள். மலையின் உச்சியில் ஒரு மெல்லிய புத்தகம். கவிதைப் புத்தகம். ஒரு பக்கத்துக்கு இரண்டே வரிகள்தான். மீதியெல்லாம் வெறும் வெள்ளை. அதில் கதை இல்லை, திருடன் இல்லை, பூதமும் இல்லை. இதை எப்படி நடிப்பது?

எறும்பு கையைப் பிசைந்தாள்.

ரேடியோ புத்தகத்தைப் பிரித்து அந்த வெள்ளைப் பக்கத்தையே பார்த்தாள். பிறகு தரையில் உட்கார்ந்தாள். முதுகை நிமிர்த்திக் கண்ணை மூடிக்கொண்டாள். அவ்வளவுதான். வேறு எதுவும் செய்யவில்லை.

கூட்டம் காத்திருந்தது. ஊசி விழுந்தால் கேட்டிருக்கும். ஜன்னலுக்கு வெளியே இலைகள் உரசிக்கொண்டன. எங்கோ ஒரு சைக்கிள் மணி அடித்து ஓய்ந்தது. இவ்வளவு நேரம் இதெல்லாம் எங்கே இருந்தன?

யாரோ பக்கத்தில் வந்து உட்காரும் சத்தம் கேட்டது. ரேடியோ ஒரு கண்ணை மட்டும் திறந்து பார்த்தாள். சூறாவளி! அவனும் கண்ணை மூடியிருந்தான்.

சற்று நேரம் கழித்து அவன் எழுந்தான். அந்தப் புத்தகத்தைத் தொட்டான்.

"டேய்! உனக்கென்ன பைத்தியமா?" அவன் குழுவினர் ஓடி வந்தார்கள். "நீ எடுத்தா அவங்க மேசை காலியாயிடும். நாம தோத்துடுவோம்!"

"தோத்தா தோத்துட்டுப் போறோம்" என்றான் சூறாவளி. "என் மண்டைக்குள்ள எப்பவும் இரைச்சலா இருக்கும்டா. இப்பதான் கொஞ்ச நேரம் நின்னுது. எனக்கு இந்தப் புத்தகம் வேணும்."

"அக்கா, இது செல்லாதுதானே?"

"ஏன் செல்லாது?" என்றார் நூலக அக்கா. "அவனும் வாசகன்தானே? மலைக் குழு ஜெயிச்சாச்சு!"

எறும்பு துள்ளிய துள்ளலில் பனிமலை சரிந்தது. கண்ணாடி தன்னை மறந்து, "ஜெயிச்சிட்டோம்!" என்று மண்டபம் அதிரக் கத்தினான். கத்தியது தான்தானா என்று அவனே திரும்பிப் பார்த்தான். ரேடியோ பேசாமலேயே எல்லாரையும்விட உயரமாகக் குதித்தாள்.

பெட்டியை இழுத்து மண்டபத்தின் நடுவில் வைத்தார்கள். மூவரும் சுற்றி மண்டியிட்டார்கள். பிரிக்கப்போன ரேடியோ, கையை அப்படியே நிறுத்தினாள். கூட்டத்தில் சூறாவளியைத் தேடி, 'வா' என்று சைகை காட்டினாள்.

அவன் வெட்கத்தோடு வந்து, பெட்டியில் ஒட்டியிருந்த டேப்பின் ஒரு முனையைப் பிடித்தான். ரேடியோ மறுமுனையைப் பிடித்தாள்.

டர்ர்ர்ர்!

பெட்டி திறந்தது. புதுக் காகித வாசனை குப்பென்று முகத்தில் அடித்தது. நான்கு தலைகளும் ஒரே நேரத்தில் உள்ளே குனிந்து 'டம்' என்று முட்டிக்கொண்டன.