சீட்டு இல்லாத பாத்திரம்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். காலிஃபிளவர் மேல் எனக்கு எந்தக் கோபமும் இல்லை. அது பாவம், வாயில்லாத பூ. என் கோபமெல்லாம் வாய் இருந்தும் உண்மையைச் சொல்லாத மனிதர்கள் மேல்தான்.

வீட்டில் என்னைக் ‘கடுகு’ என்று கூப்பிடுவார்கள். லேசாகச் சூடு பட்டாலே வெடித்துவிடுவேனாம். நடந்ததைக் கேட்டுவிட்டு, நான் வெடித்தது தப்பா என்று நீங்களே சொல்லுங்கள்.

எங்கள் வீட்டின் முன்னறைதான் எங்கள் சலவைக்கடை. அப்பா காலையிலிருந்து சாயங்காலம் வரை மேசை முன்னால் நின்றபடியே இஸ்திரி போடுவார். அம்மா அழுக்குத் துணிகளை வாங்கி, ஒவ்வொன்றிலும் ஒரு சின்னச் சீட்டை ஊக்கால் குத்துவார். யாருடைய துணி என்று அந்தச் சீட்டில் எழுதியிருக்கும். சீட்டு குத்தாமல் ஒரு கைக்குட்டைகூட எங்கள் கடைக்குள் நுழைய முடியாது.

“ஒருத்தர் சட்டையை இன்னொருத்தர் பேர்ல குடுத்தா, அப்புறம் கடைன்னு ஒண்ணு எதுக்கு?” என்பார் அப்பா.

அப்பாவுக்கு இரண்டு விஷயங்கள் மிகவும் பிடிக்கும். ஒன்று, மொடமொடவென்று கஞ்சி போட்ட வெள்ளைச் சட்டை. இன்னொன்று, நிறைய வெண்ணெய் போட்டு மசித்த உருளைக்கிழங்கு. ராத்திரிச் சாப்பாட்டுக்கு ரொட்டி இருந்தாலும் சரி, மீன் இருந்தாலும் சரி, தட்டின் ஓரத்தில் அது ஒரு குன்று மாதிரி இருந்தாக வேண்டும்.

இப்படி இருக்கும்போதுதான் அப்பாவின் முழங்கால் வீங்கிக்கொண்டது.

டாக்டர் முழங்காலை அமுக்கிப் பார்த்துவிட்டு, “எடை குறையணும். இல்லன்னா இனிமே நின்னு வேலை செய்ய முடியாது. கிழங்கு, வெண்ணெய் எல்லாத்தையும் குறைங்க” என்றார்.

அப்பா பெரிதாகத் தலையாட்டினார். வீட்டுக்கு வந்ததும், “நாளையிலேர்ந்து குறைச்சுக்கறேன்” என்றார். மறுநாளும் “நாளையிலேர்ந்து” என்றார். அதற்கு மறுநாளும் அதையேதான் சொன்னார். அந்த நாளை வருகிற வழியாகத் தெரியவில்லை.

நிற்க முடியாவிட்டால் அப்பா எப்படி இஸ்திரி போடுவார்? கடையை மூட வேண்டியதுதான். இது எங்கள் எல்லோருக்கும் தெரியும். யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை, அவ்வளவுதான்.

ஒரு சாயங்காலம் பள்ளிக்கூடம் விட்டு வந்து நேராகச் சமையலறைக்குள் போனேன். அம்மா எனக்குப் பின்னால் சட்டென்று கதவைச் சாத்தினார். அடுப்பில் இரண்டு பாத்திரங்கள் கொதித்துக்கொண்டிருந்தன. ஒன்றில் உருளைக்கிழங்கு. இன்னொன்றில் காலிஃபிளவர். அண்ணன் காலிஃபிளவர் இலைகளைப் பழைய பேப்பரில் சுருட்டிக் குப்பைக்கூடையின் அடியில் ஒளித்துக்கொண்டிருந்தான்.

“என்னம்மா நடக்குது இங்க?”

“உஷ்! மெதுவா பேசு” என்றார் அம்மா. “காலிஃபிளவரை வேக வச்சு மசிச்சா, பார்க்க உருளைக்கிழங்கு மாதிரியே இருக்கும். வயித்துக்கும் லேசு. உங்கப்பாவுக்கு இனிமே இதான்.”

“நல்ல யோசனையா இருக்கே! அப்பாகிட்ட சொல்லியாச்சா?”

அம்மாவும் அண்ணனும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

“சொன்னா சாப்பிடுவாரா? உருளைக்கிழங்குன்னு சொல்லித்தான் வைக்கப் போறேன். நீ மூச்சு விடக்கூடாது.”

“அது பொய்யாச்சே!”

“பொய் இல்ல. சொல்லாம இருக்கறது.”

இது என்ன கூத்து? கணக்குப் பரீட்சை மார்க்கை நான் சொல்லாமல் இருந்தால் மட்டும் அது பொய். அம்மா செய்தால் அது சொல்லாமல் இருப்பது!

“சரி, இந்த உருளைக்கிழங்கு யாருக்கு?”

“நமக்குத்தான்” என்றான் அண்ணன். “என் முழங்கால் நல்லாத்தானே இருக்கு?”

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அப்பாவுக்குக் காலிஃபிளவர், அதுவும் பொய்ப் பெயரில். இவர்களுக்கு மட்டும் வெண்ணெய் போட்ட கிழங்கு, அதுவும் அப்பாவின் கண்ணெதிரே! இது எந்த ஊர் நியாயம்?

“நான் பொய் சொல்ல மாட்டேன்” என்றேன்.

“உன்னை யாரு சொல்லச் சொன்னா? தட்டைப் பார்த்துச் சாப்பிட்டுட்டு எழுந்திரு. போதும்” என்றார் அம்மா.

எல்லோரும் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்தோம். அம்மா அப்பாவின் தட்டில் பரிமாறினார். அது குன்று மாதிரி நிற்கவில்லை. சரிந்து, பரவி, ஓரங்களில் தண்ணீர் விட்டுக்கொண்டது. அப்பாவின் ரொட்டி நனைய ஆரம்பித்தது.

“என்ன, கிழங்கு மழையில நனைஞ்சிடுச்சா?” என்று கேட்டார் அப்பா.

“புதுக் கிழங்குங்க. தண்ணி ஜாஸ்தி” என்றார் அம்மா.

அப்பா அண்ணனின் தட்டை எட்டிப் பார்த்தார். “அவன் தட்டுல நிமிர்ந்து நிக்குது. என் தட்டுல மட்டும் ஏன் படுத்துக் கிடக்கு?”

“அது... அது பாத்திரத்தோட அந்தப் பக்கம்ப்பா. இது இந்தப் பக்கம்” என்றான் அண்ணன். இதைவிட மட்டமான பொய்யை நான் கேட்டதே இல்லை.

அப்பா ஒரு வாய் சாப்பிட்டார். கரண்டியைக் கீழே வைத்தார். பிறகு என் பக்கம் திரும்பினார்.

“கடுகு, நீ சொல்லு. இது என்ன?”

மேசைக்கு அடியில் அம்மா என் வலது காலை மிதித்தார். அண்ணன் இடது காலை உதைத்தான். எனக்கு இருப்பது இரண்டே கால்கள். இரண்டும் வலித்தன.

“காலிஃபிளவர்ப்பா” என்றேன். “மத்த தட்டுல எல்லாம் உருளைக்கிழங்கு.”

அப்பா கத்துவார் என்று நினைத்தேன். கத்தவில்லை. அதுதான் இன்னும் கஷ்டமாக இருந்தது.

“ஒரு கைக்குட்டையைக்கூட நான் பேர் மாத்திக் குடுத்ததில்ல” என்றார். “என் வீட்டுலயே, என் தட்டுலயே, எனக்குப் பேர் மாத்திக் குடுக்கறீங்களா?”

நொண்டிக்கொண்டே எழுந்து கடைக்குள் போனார். அங்கிருந்துதான் அவருடைய குரல் உயர்ந்தது. “நாளைக்கு எனக்கு உருளைக்கிழங்குதான்! ரெண்டு மடங்கு!”

“இப்ப திருப்தியா உனக்கு?” என்று அம்மா என்னைக் கேட்டார். “இனிமே அவர் காலிஃபிளவர் இருக்கற பக்கமே திரும்ப மாட்டார். அந்த முழங்கால் என்ன ஆகறது?”

அம்மாவின் கண்கள் கலங்கியிருந்தன. எனக்கு மேலும் ஆத்திரமாக வந்தது. நான் சொன்னது உண்மை. ஆனால் உண்மையைச் சொன்னதால் அப்பாவின் வீக்கம் வடிந்துவிடவில்லையே! அவர் நாளைக்கு இரண்டு மடங்கு கிழங்கு சாப்பிட்டால், அதற்கு நானும் ஒரு காரணம் ஆகிவிடுவேன்.

கடைக்குள் எட்டிப் பார்த்தேன். கடையில் ஒருநாளும் உட்காராத அப்பா, ஒரு துணி மூட்டையின் மேல் உட்கார்ந்து முழங்காலைத் தேய்த்துக்கொண்டிருந்தார்.

“வலிக்குதாப்பா?”

“சேச்சே, அதெல்லாம் ஒண்ணுமில்ல.”

“இது மட்டும் பொய் இல்லையா?”

அப்பா என்னை நிமிர்ந்து பார்த்தார். “வலிக்குதுதான்” என்றார் மெதுவாக.

“காலிஃபிளவர்னு சொல்லியே குடுத்திருந்தா சாப்பிட்டிருப்பீங்களா?”

“தெரியல. ஆனா என்னை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம் இல்ல? நான் என்ன சின்னக் குழந்தையா?”

“கேட்டா என்ன சொல்லியிருப்பீங்க? ‘நாளையிலேர்ந்து’ன்னு சொல்லியிருப்பீங்க! டாக்டர்கிட்ட தலையாட்டிட்டு வந்து, தினமும் நாளை நாளைன்னா, அது மட்டும் என்னவாம்? அதுவும் பேர் மாத்திக் குடுக்கறதுதானே?”

சொல்லி முடித்த பிறகுதான் கொஞ்சம் அதிகமாக வெடித்துவிட்டோமோ என்று தோன்றியது. அப்பா மூக்கைத் தடவிக்கொண்டார்.

“அம்மாடி! எண்ணெய் ஊத்தாமலே வெடிக்குதே இந்தக் கடுகு!”

மறுநாள் கடைக்கு விடுமுறை. நான் இஸ்திரி மேசையின் இழுப்பறையிலிருந்து ஒரு சீட்டை எடுத்து, ‘காலிஃபிளவர்’ என்று கொட்டை எழுத்தில் எழுதினேன். பாத்திரத்தில் ஊக்கு இறங்காதே! அதனால் அதன் கைப்பிடியில் நூலால் கட்டினேன்.

“இன்னைக்கு ஒரே பாத்திரம்தான்” என்று அறிவித்தேன். “எல்லாருக்கும் அதுலேர்ந்துதான். மூடி மறைக்கறது கிடையாது.”

“என் முழங்கால்...” என்று ஆரம்பித்தான் அண்ணன்.

“உன் முழங்காலைப் பத்தி யாரும் கேக்கல!”

அம்மா சீட்டைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். காலிஃபிளவரை எடுத்து நறுக்க ஆரம்பித்தார்.

நான் போய் அப்பாவைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்தேன். “உங்க தட்டுக்கு என்ன வரப் போகுதுன்னு நீங்களே வந்து பாருங்க.”

அப்பா முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு வாசற்படியில் நின்றார். அம்மா வெந்த பூக்களைக் கொதிநீரிலிருந்து அரித்து, அப்படியே மத்தை எடுத்து மசிக்கப் போனார்.

“நில்லு, நில்லு!” என்று அலறினார் அப்பா. “இப்படிச் சொட்டச் சொட்டவா மசிப்பாங்க? சொட்டச் சொட்ட இருக்கற சட்டையை நான் இஸ்திரி போட்டா, நீ என்னைச் சும்மா விடுவியா?”

“இது சட்டை இல்லைங்க.”

“தண்ணி எங்க இருந்தாலும் தண்ணிதான்! தள்ளு இப்படி.”

“வாஷிங் மெஷின்ல போட்டு ஒரு சுத்து சுத்திடலாமா?” என்று கேட்டான் அண்ணன். மூன்று பேரும் ஒரே நேரத்தில் திரும்பி அவனை முறைத்தோம்.

அப்பா சுத்தமாகத் துவைத்த மெல்லிய வெள்ளைத் துணி ஒன்றைக் கொண்டுவந்தார். காலிஃபிளவரை அதில் கொட்டிச் சூடு ஆறவிட்டார். பிறகு நான்கு முனைகளையும் சேர்த்துப் பிடித்து முறுக்கினார். எத்தனை ஆயிரம் துணிகளைப் பிழிந்த கைகள்! தண்ணீர் தாரையாகக் கொட்டியது. கீழே வைத்த கிண்ணம் நிரம்பிவிட்டது.

“இத்தனையும் நேத்து என் ரொட்டி மேலயா ஊத்தினீங்க?” என்று கேட்டார்.

அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அடக்கப் பார்த்தார், முடியவில்லை. அதைப் பார்த்து அப்பாவும் சிரித்தார்.

பிழிந்த காலிஃபிளவரை அம்மா வெறும் வாணலியில் போட்டு, மிச்ச ஈரமும் போகிற வரை புரட்டினார். நான் பூண்டு, உப்பு, மிளகுத்தூள் சேர்த்து மசித்தேன். கடைசியில் அம்மா ஒரு சின்னத் துண்டு வெண்ணெய் போட்டார். அப்பா அந்தத் துண்டைப் பார்த்த பார்வை பரிதாபமாக இருந்தது.

நான்கு தட்டுகளிலும் நான்கு குன்றுகள் வைத்தோம். நான்கும் நிமிர்ந்து நின்றன.

அப்பா ஒரு வாய் எடுத்து மென்றார். நாங்கள் மூவரும் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

“இது உருளைக்கிழங்கு இல்ல” என்றார்.

அம்மாவின் முகம் வாடிவிட்டது.

“உருளைக்கிழங்குன்னு சொல்லிக் குடுத்திருந்தா இன்னைக்கும் தட்டைத் தள்ளியிருப்பேன். காலிஃபிளவர்னா...” இன்னொரு வாய் சாப்பிட்டார். “காலிஃபிளவர்னா, நல்லாவே இருக்கு.”

“உங்ககிட்ட முதல்லயே சொல்லியிருக்கணும்” என்றார் அம்மா.

“சொன்னா நான் கேட்டிருக்க மாட்டேன்” என்றார் அப்பா.

அண்ணனைப் பார்த்தேன். வாய் நிறையக் காலிஃபிளவர் இருந்தது. முழங்கால் நல்லா இருக்கிறவர்களும் இதைச் சாப்பிடலாம் போலிருக்கிறது!

அப்பா சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்தார். பாத்திரத்தில் தொங்கிய சீட்டைத் திருப்பி, பின்பக்கம் ஏதோ எழுதினார். நான் எட்டிப் பார்த்தேன். ‘இன்று முதல்’ என்று இருந்தது.

“சீட்டுல எழுதிட்டீங்க. அப்புறம் மாத்தக் கூடாது” என்றேன்.

“நம்ம கடையில அந்தப் பழக்கமே கிடையாது” என்றபடி அப்பா தட்டை நீட்டினார். “இன்னும் ரெண்டு கரண்டி காலிஃபிளவர் போடு!”