முழு டம்ளர் தேநீர்

சூடத்தின் மேல் கையடித்துச் சொல்லலாம், இதில் ஒரு சொல்கூடப் பொய்யில்லை. வரப்போகும் காலமொன்றில், சுமத்ரா தீவின் மெடான் நகரில், தேநீரை யாரும் அரை டம்ளருக்கு மேல் ஊற்றுவதில்லை. காலையில் சங்கு ஊதும். தெருவே டம்ளரைக் கையில் எடுத்துக்கொள்ளும். சுவர்க்கடிகாரம் இடமும் வலமும் ஆடும், கோழிகள் உட்கார்ந்துகொள்ளும், தரை ஒருமுறை தோளைக் குலுக்கிவிட்டு அடங்கும். எல்லோரும் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, விட்ட இடத்திலிருந்து சண்டையைத் தொடர்வார்கள்.

அதுதான் அன்றைய 'நடுக்கப் பங்கு'. கடலடிப் பாறைத் தட்டுகளின் இறுக்கம் சேர்ந்து ஒரே நாளில் வெடித்தால் ஊரே போய்விடும். அதனால் நிலநடுக்க வாரியத்தின் 'தளர்த்தி' இயந்திரம் அதைச் சில்லறையாக்கி வீட்டுக்கு வீடு அனுப்பிவந்தது. பங்கை வேண்டாமென்று சொல்ல முடியாது. வீட்டில் கல்யாணம், பிரசவம், அறுவை, சாவு என்றால் மட்டும் அயல்வீட்டுக்காரர் மனமுவந்து வாங்கிக்கொள்ளலாம். வாங்கியவர் வீடு அன்று இரட்டிப்பாக ஆடும். கேட்பதற்கும் முறை உண்டு. அவர் வாசலில் காலி டம்ளரைக் கவிழ்த்து வைக்க வேண்டும். நிமிர்த்தினால் சம்மதம்.

அங்கமுத்து ஒரு டம்ளரையும் நிமிர்த்தியவரல்லர். கண்ணாடி அலமாரி நிறையப் பீங்கான் பொம்மை வைத்திருப்பவர் எப்படி நிமிர்த்துவார்? எதிர்வீட்டுப் பேச்சியம்மாள் மகள் கல்யாணத்துக்கு வைத்த டம்ளரும் கவிழ்ந்தபடியே கிடந்தது. அன்று ரசம் அண்டாவோடு ஆடி, சம்பந்தியின் வேட்டியில் போய் இறங்கியது.

இப்போது அங்கமுத்துவின் மனைவி ரெங்கம்மாளுக்குக் கண் அறுவை. ஒரு கண் ஏற்கெனவே போய்விட்டது. நடமாடும் மருத்துவ வண்டி வருவது காலையில்தான், மதியம் அடுத்த ஊருக்குக் கிளம்பிவிடும். மிச்சமிருக்கும் கண்ணுக்குள் அறுவை இயந்திரத்தின் 'நுண்கை' நுழையும்போது தரை ஆடினால் தீர்ந்தது.

அங்கமுத்து எதிர்வாசலில் டம்ளரைக் கவிழ்த்துவிட்டு நின்றார்.

"என்னண்ணே, டீ வேணுமா?" என்றபடி பேச்சியம்மாள் வெளியே வந்தாள்.

"பங்கு கேட்டு வந்தேன் தங்கச்சி. ரெங்கத்துக்குக் கண்ணு."

"பொம்மைங்கல்லாம் சொகமா இருக்குதுங்களா?"

பேச்சியம்மாள் விடவில்லை.

"எங்க சம்பந்தி இன்னைக்கும் என் வீட்டுல ரசம் ஊத்திக்கிறதில்ல. மோரு மட்டுந்தான்."

"தப்புதான் தங்கச்சி."

"அதச் சொல்ல ஒரு வருசமா?" அவள் குனிந்து டம்ளரை நிமிர்த்தினாள். "ஒங்களுக்காக இல்ல, எங்க மதினிக்காக. நீங்க வந்து என் பாத்திர அலமாரியப் புடிச்சுக்குங்க. ரெண்டு பங்க ஒத்த ஆளாத் தாங்க முடியாது."

வண்டி அங்கமுத்துவின் வாசலில் வந்து நின்றது. ரெங்கம்மாளை மயக்கத்தில் படுக்கவைத்து மருத்துவர் கதவைச் சாத்திக்கொண்டார். அங்கமுத்து எதிர்வீட்டுக்குப் போய் அலமாரிக்கு முதுகு கொடுத்தார். சங்கு ஊதியது.

வீடு பல்லைக் கடித்தது. குண்டான்கள் கிளம்பின. ஓர் அண்டா வாசற்படி இறங்கித் தெருவில் நடந்தே போனது. கரண்டி ஒன்று அங்கமுத்துவின் நெற்றியில் விழுந்தது.

"அண்ணே, அலமாரியப் புடிக்கச் சொன்னா, அலமாரி ஒங்களப் புடிச்சிருக்கு!" என்று பேச்சியம்மாள் அவர் தோளைப் பற்றியபடி கத்தினாள்.

அவருக்குக் காதில் விழவில்லை. சன்னல் வழியே வண்டியின் திரைச்சீலையையே பார்த்துக்கொண்டிருந்தார். அது அசையவில்லை.

வேலை முடிந்து கட்டவிழ்த்ததும், ரெங்கம்மாள் கையில் தேநீரைக் கொடுத்தார்கள். விளிம்புவரை நிறைந்த டம்ளர். அவள் அதையே வெகுநேரம் உற்றுப் பார்த்தாள்.

"ஏங்க, ஆடவே இல்லியே!" என்றாள். பிறகு அவரை நிமிர்ந்து பார்த்தாள். "நெத்தியில என்னது, கோலிக்குண்டு மாதிரி?"

"பங்கு" என்றார் அங்கமுத்து.

மறுநாள் அவர் வாசலிலேயே ஒரு டம்ளர் கவிழ்ந்திருந்தது. கோடிவீட்டில் பிரசவமாம். அங்கமுத்து பொம்மைகளை ஒவ்வொன்றாகப் பஞ்சில் சுற்றிக் கட்டிலில் படுக்கவைத்தார். பிறகு வெளியே வந்து டம்ளரை நிமிர்த்தினார். அன்று அவர் வீடு ஆடிய ஆட்டத்தில் பொம்மைகளில் பாதிக்குத் தலையில்லை. கோடிவீட்டில் பெண்குழந்தை.

அந்த வருடம் முழுவதும் வாரியத்தின் தளர்த்தி பழுதாகி, ஓடாமல் கிடந்தது. சங்கு மட்டும்தான் ஊதிவந்தது; வீடுகளை ஆட்டியது எது என்று வாரியத்துக்கே தெரியாது.