பனிக்கல் இருந்த மாடம்

பனிக்கல்லைக் காணோம் என்ற செய்தி காய்ச்சல் விடுதியின் வாசலைத் தாண்டுவதற்குள், திருடி யாரென்று ஊரே முடிவு கட்டிவிட்டது.

சின்னச் சூரியன் மட்டும் எழுந்திருந்த வேளை. பெரியது வர இன்னும் நேரம் இருந்தது. இன்ஸ்பெக்டரம்மா வந்து இறங்கியபோது விடுதியைப் பெருக்கும் பெண்ணைச் சுற்றிக் கட்டையும் கம்புமாய்க் கூட்டம். ஏட்டு தன் தொப்பையையே வேலியாக்கி அவளை மறைத்து நின்றார்.

“கல்லு ரூமுக்கு ரெண்டே சாவிதாம்மா. ஒண்ணு வைத்தியர்கிட்ட, இன்னொண்ணு இந்தம்மாகிட்ட. பூட்டு உடையல. இவ பையனுக்கும் காய்ச்சல். முறை வரலைன்னு வைத்தியர் கால்ல விழுந்து அழுதிருக்கா. கைப்புண்ணுக்குக் கண்ணாடி எதுக்கு?”

“நீங்க கொஞ்சம் சும்மா இருங்க ஏட்டய்யா.”

பனிக்கல் உலகத்துக்கே ஒன்றுதான். எலுமிச்சை அளவு. நெற்றியில் வைத்தால் நீலக் காய்ச்சலை வேரோடு உறிஞ்சிவிடும். வேறு மருந்து கிடையாது. அந்தக் காய்ச்சல் பொல்லாதது. வந்து படுத்தும், பிறகு போய்விட்டதுபோல் சில நாள் விலகி நின்று, ஆளைச் சிரிக்கவும் சாப்பிடவும் விடும். திரும்பி வந்தால் ஆளோடுதான் போகும். கல் வைத்தவர்களுக்கு மட்டும் திரும்பாது.

இதையெல்லாம் இன்ஸ்பெக்டரம்மாவுக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. நேற்றுக் காலையில்தான் அவள் மகளுக்குக் கல் வைத்தார்கள். கல் பட்டதும் பெரிய பெரிய ஆண்பிள்ளைகளே பல் கிட்டி, கட்டில் ஆட நடுங்குவார்கள். அவள் மகளோ கண்ணைக்கூட இமைக்கவில்லை. நேற்று முழுக்க ஸ்டேஷனில் இதே பெருமை. ‘என் பொண்ணு யாருன்னு நெனச்சீங்க?’ என்று கேட்டுக் கேட்டு ஏட்டுக்குக் காது புளித்துவிட்டது. இன்று காலை குட்டி எழுந்ததுமே பசிக்குது என்றாள். உடம்பு தண்ணீராய்க் குளிர்ந்திருந்தது. தனக்குக் கிடைத்த இந்தச் சந்தோஷம் மற்ற தாய்மார்களுக்கும் கிடைக்க வேண்டும், எப்படியாவது கல்லை மீட்டுவிட வேண்டும் என்ற வெறியோடுதான் அவள் வந்திருந்தாள்.

கல் அறைக்கு ஜன்னல் கிடையாது. சுவரில் ஒரு மாடம். கல் அதில்தான் இருக்கும். அதன் குளிரில் மாடம் எந்நேரமும் வியர்த்துச் சொட்டும். சொட்டும் தண்ணீரில் கீழே சுவர் முழுக்கப் பாசி. இன்ஸ்பெக்டரம்மா பாசியைத் தொட்டுப் பார்த்தாள். சருகாய்ப் பொடிந்து விரலோடு வந்தது.

வைத்தியர் மூலையில் நின்றார். வயதானவர், நல்லவர் என்று பேரெடுத்தவர்.

“கல்லைக் கடைசியா எப்பய்யா பாத்தீங்க?”

“நேத்து. வெச்சு முடிச்சதும் நான்தான் மாடத்துல வெச்சுப் பூட்டினேன்.”

“கடைசியா யாருக்கு வெச்சீங்க?”

“உங்க பொண்ணுக்குத்தாம்மா.” சொல்லும்போது தரையைப் பார்த்துச் சொன்னார்.

பெருக்கும் பெண்ணைக் கூப்பிட்டாள்.

“காலையில கதவைத் திறந்தது நீங்களா அக்கா?”

“ஆமாம்மா. திறந்தப்பவே மாடம் காலி. நான் எடுத்திருந்தா, என் புள்ள நெத்தியில வெச்சுத் தூக்கிட்டு இந்நேரம் ஊரைத் தாண்டியிருக்க மாட்டேனா?”

“தினம் உள்ள பெருக்குவீங்களா?”

“போன சந்தை நாள்லேருந்து உள்ள வர வேணாம்னு வைத்தியர் சொல்லிட்டாரு. இன்னிக்குத்தான் அவரே கூப்பிட்டுத் திறக்கச் சொன்னாரு.”

ஏழை சொல் அம்பலம் ஏறாது என்பார்கள். இந்த முறை ஏறியது.

“ஏட்டய்யா, இவங்களை வெளிய கூட்டிட்டுப் போய்ப் பத்திரமா பாத்துக்குங்க. இவங்க திருடலை.” கதவைச் சாத்திவிட்டு வைத்தியரிடம் திரும்பினாள். “இந்தப் பாசி ஒரே ராத்திரியில காயாது. காத்தும் வெயிலும் நுழையாத ரூம். சொட்டு நின்னே பல நாள் ஆகியிருக்கணும். அப்போ கல்லு போயும் பல நாள் ஆச்சு. அது தெரிஞ்ச ஒரே ஆள் நீங்க. அதனாலதான் அந்தக்காவை உள்ள விடல. ஆனா நேத்து வரைக்கும் நெத்தி நெத்தியா நீங்க வெச்சது...”



வைத்தியர் சுவரோடு சரிந்து உட்கார்ந்தார். “கண்ணாடி,” என்றார்.

“அப்போ கல்லு என்னாச்சு?”

“ஒருத்தருக்கு வெச்சா, கல்லு மணல்ல கிடந்து ஆறணும். அதுதான் முறை. அன்னிக்கு ஒரு கைக்குழந்தைக்கு மூச்சு இழுத்துக்கிட்டிருந்துது. மனசு கேக்கல. ஆறுறதுக்குள்ள எடுத்து வெச்சேன். நெத்தியிலயே தூளாயிடுச்சும்மா. குழந்தையும் போயிடுச்சு.”

“குளிரலையேன்னு யாருமே கேக்கலையா?”

“நல்லவேளைன்னு நெனச்சாங்க. நீங்க பெருமைப்பட்டீங்க.”

அவள் மாடத்தின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். அது காய்ந்து வெதுவெதுப்பாக இருந்தது. பாசியைக் கண்டுபிடித்த கண், நேற்றுத் தன் மடியிலேயே நடந்ததைக் கண்டுபிடிக்கவில்லை.

“உங்க பொண்ணு ‘வலிக்கவே இல்ல தாத்தா’ன்னு சிரிச்சா. அதுக்கப்புறம் இன்னொருத்தருக்கு வைக்க எனக்குக் கை வரல. உண்மையைச் சொல்ல வாயும் வரல. திருடு போச்சுன்னா தேடுவாங்க. தேடுற வரைக்கும் ஒரு நம்பிக்கையாவது இருக்கும்ல? திருட்டாவே இருக்கட்டும்மா.”

“அதுக்காக ஒரு தாயை அடிச்சுக் கொல்லக் குடுத்தீங்களே?”

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தவர் கடைசியில் சோற்றையே தொலைத்திருந்தார்.

பெரிய சூரியனும் ஏறிவிட்டது. இன்ஸ்பெக்டரம்மா வாசலுக்கு வந்து, யாரும் திருடவில்லை, கல் தூளாகிவிட்டது, இனி எங்கேயும் கிடைக்காது என்று சொன்னாள். எப்போது தூளானது என்று சொல்ல வாய் வரவில்லை. கம்புகள் ஒவ்வொன்றாய்க் கீழே விழுந்தன. யாரோ ஒரு அப்பா குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு, எங்கே போவதென்று தெரியாமல் அங்கேயே நின்றார்.

பெருக்கும் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டு கிட்டே வந்தாள்.

“என் புள்ளைக்கு இல்லைன்னு ஆயிடுச்சு. உங்க பொண்ணுக்காவது நேத்தே வெச்சாச்சே. நல்லா இருக்கட்டும்மா.”

இன்ஸ்பெக்டரம்மா அவள் முகத்தை ஏறிட்டுப் பார்த்தாள்.

“அவ நடுங்கவே இல்லக்கா,” என்றாள்.

எத்தனையோ பேர் கட்டில் ஆட நடுங்கியதைப் பார்த்தவள் அந்தப் பெண். அதற்கு மேல் எதுவும் கேட்காமல் இன்ஸ்பெக்டரம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டாள்.