ஒரம்பரைக் கல்

"டிக்... டிக்... டிக்டிக்..."

மாதேஸ்வரன் தன் குச்சிக்கிழங்குக் காட்டின் வரப்பில் அப்படியே நின்றான். மரங்கொத்தி இல்லை. மரங்கொத்தி இவ்வளவு அவசரப்படாது.

காட்டோரத்து வெள்ளைப் பாறைக்குப் பக்கத்தில் ஒருத்தி குந்தியிருந்தாள். காலில் பூட்ஸ். கையில் சுத்தியல். தோளில் தொங்கிய மஞ்சள் பெட்டிதான் அந்தச் சத்தம் போட்டது. தூறல் அவள் தலைமுடியில் சின்னச் சின்ன மணியாக உட்கார்ந்திருந்தது. அதைப் பார்த்ததும் அவன் கோபம் கொஞ்சம் குறைந்தது. ஏன் குறைந்தது என்று மறுபடியும் கோபம் வந்தது.

தேவனூர் நாடு என்கிற அந்த மலைப்பகுதியில் காட்டுக்காரனைக் கேட்காமல் காட்டுக்குள் இறங்குவது இரண்டு கூட்டம்தான். ஒன்று குரங்கு. இன்னொன்று ஜீப்பில் வருகிறவர்கள். குரங்காவது தின்றுவிட்டுப் போய்விடும்.

"ஏனுங்க அம்மிணி... யாரைக் கேட்டுட்டு உள்ள வந்தீங்க?"

அவள் திடுக்கிட்டு எழுந்தாள். அந்தக் கண்களைச் சொல்லாமல் கதையை நகர்த்த முடியாது... வெயிலில் நன்றாகக் காய்ந்த மிளகு மாதிரி கறுப்பு. ஆனால் காரம் இல்லை என்று அவன் நினைத்துக்கொண்டான். காரம் அடுத்த பேச்சில் தெரிந்தது.

"கூப்பிட்டுப் பார்த்தேன். யாரும் இல்ல."

"யாரும் இல்லீன்னா திரும்பிப் போறதுதானுங்களே? உங்க ஊர்ல ஆளில்லாத ஊட்டுக்குள்ள பூந்துக்குவாங்களா?"

"எங்க ஊர் மணப்பாறை. அங்க வீட்டுக்கு வந்தவங்களை உட்காரச் சொல்லிட்டுத்தான் திட்டுவாங்க!"

பேர் ரோஸ்லின் என்றாள். திருச்சியில் ஒரு காலேஜில் கல்லைப் பற்றி ஆராய்ச்சி செய்கிறாளாம். இந்த மலையில் என்னென்ன கல் இருக்கிறதென்று பட்டியல் எழுதுகிறாளாம். பட்டியல் எழுதுகிறவர்களை மாதேஸ்வரன் நம்புவதில்லை. எழுதிக்கொண்டு போனது எங்கே போய் முடியும் என்று எழுதுகிறவர்களுக்கே தெரியாது.

அவள் ஒரு அடி முன்னால் வந்தாள். பெட்டி அலறியது. நின்றாள். ஒரு அடி பின்னால் போனாள். சத்தம் இறங்கியது. மறுபடி முன்னால் வந்தாள்... டிக்டிக்டிக்டிக்!

"உங்க சட்டைப் பையில என்ன இருக்கு?"

"அதைக் கேக்க நீங்க யாருங்க?"

"நான் கேக்கலீங்க. இது கேக்குது."

அவன் பைக்குள் கைவிட்டு எடுத்தான். எலுமிச்சம்பழம் அளவுக்கு ஒரு கல். தார் மாதிரி கறுப்பு. உடைந்த பக்கத்தில் கண்ணாடி மாதிரி பளபளப்பு. கையில் வைத்தால் அந்த அளவுக்கு இருக்கவேண்டிய கனத்தைவிட இரண்டு மடங்கு கனம். மூன்று வாரத்துக்கு முன்னால் கிழங்கு பிடுங்கும்போது கிடைத்தது. குரங்குமேல் எறிய ஆகும் என்று பையில் போட்டான். ஆனால் எறிய மனசு வரவில்லை. குரங்கு வரும்போதெல்லாம் வேறு கல்லைத்தான் எடுத்தான்.

அவள் கையுறையை மாட்டிக்கொண்டு அதை வாங்கினாள். முகம் விளக்குப் போட்ட மாதிரி ஆயிற்று.

"ஒன்றரை மாசமா இதைத்தான் தேடறேன்... நீங்க பையில வச்சுட்டு சுத்தறீங்க!"

"என்ன கல்லுங்க அது?"

அந்த நேரம் பார்த்துத் தூறல் மழையாகிவிட்டது. கிழங்கு இலைகளின்மேல் தடதடவென்று சத்தம். அவள் கத்தினாள்.

"யூக்சனைட்! உள்ள யுரேனியம் இருக்கு!"

அவன் காதுக்கு வந்து சேர்ந்தது வேறு.

"ஊர்ச்சனியா?... ஊருக்கே சனியனுங்களா?"

அவள் சிரித்தாள். நிறுத்தப் பார்த்தாள், முடியவில்லை. வயிற்றைப் பிடித்துக்கொண்டு அந்தப் பாறைமேலேயே உட்கார்ந்து சிரித்தாள். மழையில் நனைந்த அந்தச் சிரிப்பு அழகுதான்... அதை யார் இல்லை என்றது? ஆனால் தன் காட்டில் நின்று தன்னைப் பார்த்தே ஒருத்தி சிரித்தால் எவனுக்குத்தான் பொறுக்கும்? கல்லைப் பிடுங்கிக்கொண்டான்.

"இது என்ர காட்டுக் கல்லு. நீங்க கெளம்பலாமுங்க."

"ஐயோ, அதுக்கு அர்த்தம் என்னன்னா..."

"அர்த்தம் எனக்கு வேண்டாமுங்க."

அவள் சிரிப்பு நின்றது. சுத்தியலைப் பையில் போட்டாள். நாலு எட்டு நடந்தவள் திரும்பினாள்.

"பையில மட்டும் வைக்காதீங்க. இவ்வளவு நாள் வச்சிருந்ததுக்கு ஒண்ணும் ஆகாது, பயப்பட வேண்டாம். மூடி போட்ட டப்பாவுல போட்டு வீட்டுக்கு வெளிய வைங்க. உடைக்காதீங்க, தூள் வாய்க்குள்ள போகக் கூடாது. கையைக் கழுவிட்டுச் சாப்பிடுங்க."

விரட்டப்பட்டவள் விரட்டியவனுக்குக் கவலைப்படுகிறாள்... அது அவனுக்குப் பிடிக்கவில்லை. உண்மையில், பிடித்துப்போனதுதான் பிடிக்கவில்லை.

கல்லைப் பழைய டால்டா டப்பாவில் போட்டுக் காட்டோரத்தில் வைத்துவிட்டு வந்து, சோப்புப் போட்டு மூன்று தடவை கை கழுவினான். அவன் அம்மா சென்னம்மாள் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

"என்னடா, கையத் தேச்சுத் தோலை உரிச்சிருவ போலிருக்குது?"

"காட்டுல ஒரு கல்லு கெடச்சுது. ஊர்ச்சனியாம். ஒரு காலேஜுக்காரம்மா சொல்லுது."

அவ்வளவுதான் சொன்னான். ஆனால் அப்போது பக்கத்து வீட்டுக் கண்ணாயி தயிர் உறைக்கு மோர் வாங்க வந்து நின்றிருந்தாள்.

மறுநாள் காலையில் ஊர்ச்சனி ஊர் முழுக்க நடந்துவிட்டது. மத்தியானத்துக்குள் அதற்குக் கையும் காலும் முளைத்துவிட்டன. அந்தப் பொம்பளைதான் கொண்டுவந்து புதைத்தாளாம். பெட்டியைத் தட்டிச் சனியைக் கூப்பிடுகிறாளாம். கொஞ்சம் விவரம் தெரிந்தவர்கள் வேறு மாதிரி பயந்தார்கள். டிக்டிக் பெட்டி என்றால் யுரேனியம் தேடுகிற பெட்டி, யுரேனியம் என்றால் கம்பெனி வரும், கம்பெனி வந்தால் ஊரைக் காலி பண்ணச் சொல்லும். அந்தப் பயத்தைத் தப்பென்று சொல்ல முடியாது. மலைக்கு வந்த எந்த ஜீப்பும் எதையும் கொடுத்துவிட்டுப் போனதில்லை.

மூன்றாம் நாள் கோயில் முன்னால் கூடினார்கள். ஊர்க்கவுண்டர் சொன்னார்: "அந்தப் புள்ளைய யாரும் காட்டுக்குள்ள விடப்படாது. தண்ணி தவிச்சாலும் குடுக்கப்படாது. தானாக் கெளம்பிப் போயிரும்."

மாதேஸ்வரன் அங்கேதான் நின்றான். 'மழைச் சத்தத்துல சரியாக் கேக்கலீங்க' என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொன்னால் ஊரே சிரிக்கும். ஏற்கனவே ஒருத்தி சிரித்தது போதாதா? வாயை மூடிக்கொண்டான். ஆனால் அன்றைக்குச் சோறு இறங்கவில்லை. தண்ணி தவிச்சாலும்... அந்தப் பேச்சுதான் காதில் கேட்டுக்கொண்டே இருந்தது.

மறுநாள் செம்மேட்டுக்கு உரம் வாங்கப் போனான். மழை விடவில்லை. பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் அர்த்தனாரியின் டீக்கடை பெஞ்சில் ரோஸ்லின் உட்கார்ந்திருந்தாள். காலடியில் துணிப்பை, மடியில் மஞ்சள் பெட்டி. ஊருக்குக் கிளம்பிவிட்டாள்.

"அண்ணே, ஒரு டீ கேட்டு அரை மணி நேரம் ஆச்சு..."

"பால் தீந்துபோச்சுங்க" என்றான் அர்த்தனாரி. அவன் முதுகுக்குப் பின்னால் பால் பொங்கி அடுப்பில் வழிந்துகொண்டிருந்தது.

மாதேஸ்வரனுக்கு முகம் சுட்டது. தான் வாய் தவறிச் சொன்ன ஒரு வார்த்தை மலை ஏறி, இறங்கி, இங்கே வந்து ஒருத்திக்கு டீயை மறுத்துக்கொண்டிருக்கிறது.

"ரெண்டு டீ போடுங்கண்ணா."

"நீ ஒருத்தன்தானப்பா?"

"எனக்குத்தான் ரெண்டும். போடுங்க."

ஒன்றைக் கொண்டுபோய் அவள் முன்னால் வைத்தான். அவள் தொடவில்லை.

"சனியனுக்கு டீ குடுக்கலாமா? ஊர்ல திட்ட மாட்டாங்க?"

"திட்டட்டுமுங்க... அன்னைக்கு ஏதோ அர்த்தம் சொல்ல வந்தீங்களே. சொல்லுங்க."

"வேண்டாம்னு சொன்னது யாரு?"

"நான்தானுங்க. இப்ப வேணுமுன்னு கேக்கறதும் நான்தானுங்க."

அவள் டீயை எடுத்தாள். ஒரு வாய் குடித்தாள். கண்ணில் இருந்த மழைமேகம் கொஞ்சம் விலகியது.

"யூக்சனைட். கிரேக்கப் பேச்சுல இருந்து வந்த பேரு. நூத்தியெண்பது வருஷத்துக்கு மேல ஆச்சு, நார்வே நாட்டுப் பாறையில கிடைச்ச கல்லுக்கு வச்சது. உடைச்சுப் பார்த்தா உள்ள யிட்ரியம், நியோபியம், யுரேனியம்னு என்னென்னவோ இருந்துச்சு. சாதாரணக் கல்லுல இடம் கிடைக்காத அபூர்வமானதுங்க எல்லாத்துக்கும் இது இடம் குடுத்திருக்கு. அதனால, 'முன்னப்பின்ன தெரியாதவங்களையும் அன்பா வச்சுக்கறது'ன்னு பேர் வச்சாங்க... அதுதான் அர்த்தம்."

மாதேஸ்வரன் தன் டீயைக் கீழே வைத்தான். இந்தப் பேருள்ள கல்லை வைத்துக்கொண்டா ஒருத்திக்குத் தண்ணீர் கூடாதென்றோம்?

"கம்பெனி வருமுங்களா?"

"ஒரு எலுமிச்சம்பழக் கல்லுக்கா? அந்தப் பாறையில இன்னும் ரெண்டு துணுக்கு இருந்தா அதிகம். இதுக்காக யாரும் மலையைத் தோண்ட மாட்டாங்க."

"எல்லாரும் அப்படித்தானுங்க சொல்லுவாங்க. எழுதிக் குடுங்க."

"என்ன?"

"பேரு, அர்த்தம், இப்பச் சொன்னது எல்லாம். கீழ கையெழுத்து. போன் நம்பரும். பெரிய எழுத்தா எழுதுங்க, நான் அஞ்சாவதோட நின்னவன்."

அவளுக்குக் கோபம் வந்தது. கோபத்தோடேயே நோட்டில் ஒரு தாளைக் கிழித்து எழுதினாள். எழுத எழுதக் கோபம் குறைந்ததோ என்னவோ, கடைசி வரி அழகாக விழுந்தது. பஸ் ஹாரன் அடித்தது.

"திரும்பி வருவீங்களா?"

"தண்ணி குடுக்காத ஊருக்கா?"

படியில் ஏறியவள் திரும்பிப் பார்க்கவில்லை. எழுபது கொண்டை ஊசி வளைவையும் அந்தப் பஸ் இறங்கி முடிக்கும்வரை, அவனுக்கு நெஞ்சுக்குள் ஏதோ சுற்றிச் சுற்றி இறங்கிக்கொண்டே இருந்தது.

உரம் வாங்க மறந்துவிட்டு நேராக ஊர்க்கவுண்டரிடம் போனான். ஊரைக் கூட்டச் சொன்னான். தாளைப் பிரித்து எழுத்துக்கூட்டிப் படித்தான். படித்துவிட்டுச் சொன்னான்:

"அந்தப் பேரை மழையில தப்பாக் கேட்டவன் நான். தப்பாச் சொன்னவனும் நான். அந்தம்மிணி மேல ஒரு குத்தமும் இல்லீங்க."

கூட்டம் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டது. அப்புறம் சிரித்தார்கள் பாருங்கள்... கோயில் மணியே ஆடியிருக்கும்.

"அடப்பாவி! ரெண்டு நாளா எள்ளு வெளக்குப் போட்டுட்டிருக்கறனே!" என்று கண்ணாயி தலையில் அடித்துக்கொண்டாள். "என்ர எண்ணெய்க்கு யாரு பதில் சொல்லுவா?"

ஊர் சிரித்தால் செத்துப்போவோம் என்று நினைத்திருந்தான். சாகவில்லை. உடம்பு லேசானது.

ஊர்க்கவுண்டர் மட்டும் சிரிக்கவில்லை. "தோண்ட வந்தாங்கன்னா இந்தக் காயிதத்தை மூஞ்சிக்கு நேரா நீட்டறேன். சரி, நம்ம பேச்சுல இந்தக் கல்லை என்னன்னு சொல்றது? அவிங்க பேரு வாயில நுழைஞ்சாத்தான் வம்பாகுதே."

சென்னம்மாள் பின்னாலிருந்து சொன்னாள்: "வந்தவிங்களை நல்லா வெச்சுக்கற கல்லுன்னா, ஒரம்பரைக் கல்லுன்னு சொல்லுங்க. அவ்ளோதான?"

எல்லாருக்கும் பிடித்துவிட்டது. ஊர்க்கவுண்டர் தாளை மடித்துப் பையில் வைக்கப்போனார்.

"ஏனுங்க... நகல் எடுத்துத் தாரனுங்க. அது எங்கிட்டயே இருக்கட்டுமுங்க" என்றான் மாதேஸ்வரன்.

"காயிதத்து மேல என்னடா அவ்ளோ ஆசை?" என்றாள் கண்ணாயி. இந்தத் தடவை அவள் சரியாகத்தான் புரிந்துகொண்டாள்.

வீட்டுக்கு வந்து அந்த நம்பரை அழுத்தினான்.

"யாரு?"

"நான்தானுங்க... மாதேஸ்வரன்." என்ன பேசுவதென்று வழியெல்லாம் யோசித்து வைத்ததெல்லாம் பறந்துவிட்டது. "தண்ணி இருக்குதுங்க."

அந்தப் பக்கம் சிரிப்பை அடக்குகிற சத்தம்.

"...டீ?"

"டீயும் இருக்குதுங்க."

சனிக்கிழமையாகப் பார்த்துத்தான் வந்து இறங்கினாள். அவள் குறும்புதான் அது. குடையோடு நின்றவன் குடையை விரிக்கவே மறந்துபோனான். சென்னம்மாள் சொம்பு நிறையத் தண்ணீர் கொடுத்தாள், கேழ்வரகுக் களியும் கருவாட்டுக் குழம்பும் வைத்தாள், ரோஸ்லின் மறுபடி மறுபடி களி கேட்டதைப் பார்த்துக்கொண்டாள். மகனைத் தனியாகக் கூப்பிட்டு ஒன்றுதான் சொன்னாள்:

"கல்லைத் தேடி வந்தவ நாலு களி உருண்டை திங்க மாட்டா. கேட்டுக்க."

காட்டில் மழை நின்றிருந்தது. மிளகுக் கொடிகள் மட்டும் சொட்டிக்கொண்டிருந்தன. டப்பாவைத் திறந்தான். பெட்டி டிக்டிக்கென்றது. அவள் கல்லைக் கனமான ஒரு பெட்டியில் பத்திரமாக வைத்துச் சீட்டு எழுத ஆரம்பித்தாள்.

"கண்டெடுத்தவர், மாதேஸ்வரன். இடம், தேவனூர் நாடு. உள்ளூர்ப் பேர் ஏதாவது இருக்கா?"

"ஒரம்பரைக் கல்லு."

"ஒரம்பரைன்னா?"

அவன் மிளகுக் கொடியைப் பார்த்தான். பாறையைப் பார்த்தான். அப்புறம் வேறு வழியில்லாமல் அவளைப் பார்த்தான்.

"அதுக்கு ரெண்டு அர்த்தமுங்க. ஊட்டுக்கு வந்து, விருந்து தின்னுட்டுப் போறவிங்க ஒரம்பரை. பொண்ணு குடுத்து, பொண்ணு எடுத்து... சொந்தமாப் போனவிங்களும் ஒரம்பரை."

அவள் பேனா நின்றது. காது மடல் சிவந்தது.

"நான் எந்த ஒரம்பரை?"

"மொதல் ஒரம்பரைன்னா அஞ்சு மணிக்கு பஸ் இருக்குதுங்க." காலி டப்பாவை மூடினான். "ரெண்டாவதுன்னா... உங்களை எனக்குப் பிடிச்சிருக்குதுங்க. அன்னைக்குப் பாறை மேல உக்காந்து சிரிச்சீங்களே, அப்பவே. அந்தக் கோவமே அதுலதானுங்க."

அவள் மஞ்சள் பெட்டியை எடுத்து அவன் சட்டைப் பைக்கு நேராகப் பிடித்தாள். டிக்... ரொம்ப நேரம் கழித்து இன்னொரு டிக்.

"பையில ஒண்ணுமே இல்லையே!"

"உங்க பொட்டிக்கு அது கேக்காதுங்க."

அவள் சிரித்தாள். அதே சிரிப்பு. இந்தத் தடவை அவனும் சேர்ந்து சிரித்தான்.

"எங்க அப்பா ஆரோக்கியசாமி. ஞாயித்துக்கிழமை சர்ச்சு தவறாதவர். அவர்கிட்ட பேசணும். கஷ்டம்தான்... வரச் சொன்னா வருவீங்களா?"

"உக்காரச் சொல்லிட்டுத்தான திட்டுவாங்க? வாரனுங்க."

"நீங்கதான் எதையும் நம்பாத ஆளாச்சே..." நோட்டில் ஒரு தாளைக் கிழிக்கப் போனாள். "நான் எந்த ஒரம்பரைன்னு பெரிய எழுத்துல எழுதி, கையெழுத்துப் போட்டுத் தரவா?"

அவன் அவள் கையைப் பிடித்துத் தடுத்தான். பிடித்த கையை விடவில்லை.

"எழுத வேண்டாமுங்க... நீங்க வாயில சொன்னாப் போதும்."

"ரெண்டாவது" என்றாள் ரோஸ்லின்.

மழை இல்லை. இந்தத் தடவை அவனுக்குச் சரியாகக் கேட்டது.