விரிசலுக்குக் காரணம்

ஜூன் 11, செவ்வாய்க்கிழமை, காலை பத்தே முக்கால். பேருந்து நிறுத்தத்துக்கு எதிரே, முதல் மாடியில் இருந்த பழுதுபார்க்கும் கடைக்கு ஒரு லேப்டாப் வந்தது. அதன் டச்பேடில் மூலைக்கு மூலை ஒரு விரிசல்.

கொண்டுவந்தவள் ஒரு பதிப்பகத்தில் மெய்ப்புத் திருத்துபவள். மழையில் குடையை லேப்டாப்புக்குப் பிடித்துவிட்டு, தான் நனைந்திருந்தாள்.

பழுதுபார்ப்பவன் பார்த்த மாத்திரத்தில் காரணம் சொல்பவன். திறப்பதற்கு முன்பே சீட்டில் எழுதிவிடுவான். இதுவரை தவறியதில்லை என்று ஒரு பெருமை. 'கீழே போட்டது' என்று எழுதி, கையெழுத்துக்கு நீட்டினான்.

"நான் போடல."

"எல்லாரும் அப்படித்தாங்க சொல்வாங்க."

அவள் கையெழுத்துப் போடவில்லை. அந்த இரண்டு சொற்களின் மேல் கோடிழுத்து, ஓரத்தில் நீக்கல் குறி போட்டாள். நிமிர்ந்த கண்களில் கோபமில்லை... சலிப்பு. வீட்டில் அப்பாவும் அதையேதான் சொல்லியிருந்தார். அங்கேயும் அவள் பேச்சு எடுபடவில்லை.

மதியம் அடிமூடியைக் கழற்றினான். பேட்டரி தலையணைபோல் உப்பியிருந்தது. அதுதான் அடியிலிருந்து டச்பேடின் கண்ணாடியை நெட்டித் தள்ளியிருக்கிறது. பேசாமல் இரண்டையும் மாற்றிக் கொடுத்துவிட்டால் யாருக்கும் தெரியப்போவதில்லை. ஆனால் அந்தக் கண்கள்...

கடையின் முன்மேசையைக் கவனித்துவந்த அவன் அக்கா எட்டிப் பார்த்தாள். "ஏன்டா, தப்புன்னு ஒத்துக்கிட்டா வாய் சுளுக்கிக்குமா?"

போன் செய்து அவளை வரவழைத்தான். உப்பியதைக் காட்டினான். டச்பேடை மட்டும் மாற்றினால் மறுபடி விரியும், தனியாக மவுஸ் வைத்து ஓட்டினாலும் ஆபத்து தீராது, முதலில் பேட்டரியை எடுக்க வேண்டும் என்று விளக்கினான். பிறகு குரல் தணிந்தது.

"நீங்க போடல. நான்தான் பார்க்காமலே எழுதிட்டேன்... மன்னிச்சிருங்க."

"இத எங்க அப்பாகிட்டயும் சொல்வீங்களா?"

அவளுடைய போனிலேயே அவரிடம் சொன்னான். கேட்டுவிட்டு, போனை மகளிடம் கொடுக்கச் சொன்னார் அப்பா.

வியாழக்கிழமை லேப்டாப் வீட்டுக்குப் போனது. திங்கட்கிழமை அவள் வெறுங்கையோடு வந்து நின்றாள்.

"லேப்டாப்புக்கு என்னாச்சு?"

"ஒண்ணும் ஆகல."

"அப்புறம்...?"

"ஒண்ணும் ஆகலன்னு சொல்லத்தான் வந்தேன்."

அக்கா அவசரமாகக் கம்ப்யூட்டர் திரைக்குப் பின்னால் குனிந்துகொண்டாள். அவன் திருப்புளியைக் கீழே வைத்தான்.

"நாலு நாளா அதையே கேக்கலாம்னு போனை எடுத்து எடுத்து வெக்கறேன். உங்கள எனக்குப் பிடிச்சிருக்கு. சொல்றது தப்பாக்கூட இருக்கலாம்..."

"தப்பில்ல" என்றாள் அவள்.

அன்று மதியம் முழுவதும் அக்கா தனியாகக் கடையைப் பார்த்துக்கொண்டாள்.