ஆட்சேபனை இல்லை

"இன்னைக்கும் கையெழுத்துப் போடலைன்னா நீ இந்த வீட்டு மருமகளே இல்ல, பாத்துக்கோ!"

காலை எட்டு மணி. கிரிஜா அடுப்பில் அவல் போஹா கிளறிக்கொண்டிருந்தாள். மாமனார் கல்யாணசுந்தரம் மேஜையில் இரண்டு தாள்களை வைத்து, பறக்காமலிருக்கத் தண்ணீர்ச் சொம்பை மேலே வைத்தார்.

அவள் கணவன் ஜெயந்த் துணை ராணுவப் படையில் இருந்தவன். பதினோரு வருடத்துக்கு முன் காட்டில் நடந்த தாக்குதலில் போய்விட்டான். கருணை அடிப்படையில் குடும்பத்தில் ஒருவருக்கு அந்தப் படையிலேயே வேலை உண்டு. பையன் வளரட்டும் என்று அப்போது தள்ளிப் போட்டார்கள். இப்போது பிரசாத்துக்குப் பதினெட்டு முடிந்துவிட்டது. மனைவிக்கா, மகனுக்கா என்று இன்றைக்குள் சொல்ல வேண்டும். ஒருவர் எடுத்துக்கொண்டால், மற்றவர் 'ஆட்சேபனை இல்லை' என்று கையெழுத்திட வேண்டும்.

பிரசாத் என்றால் துப்பாக்கி பிடிக்கிற வேலை, அப்பா இருந்த அதே படையில். கிரிஜா என்றால் நாக்பூர் முகாமில் ஃபைல் தூக்குகிற வேலை. அவள் தன் பெயரைத்தான் எழுதி வைத்திருந்தாள்.

"பெத்த புள்ளை சோத்துல மண்ணைப் போட்டுட்டு, நாக்பூர்ல போய்த் தனியா சொகமா இருக்கணும்... அதானே?"

"அப்படியெல்லாம் இல்ல மாமா..."

"வேற எப்படி? மகனோட வேலைக்கே போட்டி போடுறாளாம்னு இந்த நிக்டி காலனியே சிரிக்குது!"

பிரசாத் ஓட்டப் பயிற்சி முடிந்து வியர்வையோடு உள்ளே வந்தான். "அரே அம்மா, டென்ஷன் மத் லோ, கவலைப்படாதே. ரன்னிங், மெடிக்கல் எல்லாம் பாஸ் பண்ணிடுவேன்."

"உனக்கு பயமே இல்லையாடா?"

"எதுக்கு பயம்? அப்பாவுக்கு நெஞ்சுல ஒரே குண்டு. வலிகூட தெரியல, தூங்குற மாதிரி இருந்தாருன்னு நீதானே சொன்னே? அந்த மாதிரின்னா எனக்கும் ஓகே அம்மா."

கிரிஜாவின் கை நின்றுவிட்டது. அடுப்பை அணைத்தாள். அன்று ஒரு உயிரைக் காப்பாற்றச் சொன்ன பொய்... இன்று இன்னொரு உயிரைக் கேட்டு வாசலில் நிற்கிறது!

"நான் சொன்னது பொய்டா."

"என்ன உளர்றே?" என்றார் மாமனார்.

"சவப்பெட்டியைத் தொறக்கவே இல்ல மாமா. வேணாம்மான்னு ஆபீசர் கையெடுத்துக் கும்பிட்டார். குண்டு இல்ல, கண்ணிவெடி. உங்க புள்ளை மொகத்தை நானும் பாக்கல... மோதிரத்தைக் காட்டித்தான் அவர்தான்னு சொன்னாங்க."

"நெஞ்சுல குண்டுன்னு சொன்னியே..."

"நீங்க அப்ப ஐசியூல இருந்தீங்க. அதிர்ச்சி தாங்காதுன்னு டாக்டர் சொன்னாரு. அப்புறம் காலனி பூரா நீங்க அதையே பெருமையா சொன்னீங்க. எப்படி மாமா மாத்திச் சொல்லுவேன்?"

கல்யாணசுந்தரம் மேஜை விளிம்பைப் பிடித்துக்கொண்டார். "வலி... இருந்துச்சாம்மா?"

கிரிஜா தலையைக் குனிந்துகொண்டாள். "ரெண்டு மணி நேரம் உயிர் இருந்துச்சாம். ஹெலிகாப்டர் வர லேட்டாயிடுச்சாம்."

"ஐயோ, ஜெயந்த்!"

சுவரோடு சரிந்து உட்கார்ந்துவிட்டார். பிறகு மெதுவாக எழுந்து, பேரன் பெயர் எழுதிய தாளை நான்காகக் கிழித்தார். கிரிஜா பெயர் இருந்த மற்ற தாளை அவன் பக்கம் தள்ளினார்.

"அம்மா பேருக்குப் போடுடா கையெழுத்து."

"தாத்தா, லேகின்... ஆனா..."

"போடுடா!"

போட்டான். பேனாவை வைத்ததும் அம்மாவைக் கட்டிக்கொண்டு ஏழு வயசுப் பையன் மாதிரி தேம்பினான். "அப்பாவுக்கு அப்படின்னு தெரியாதும்மா... தெரியாது..."

பெரியவர் மருமகளுக்கு முன்னால் கைகூப்பினார். "என்னென்னவோ பேசிட்டேனேம்மா... இவ்வளவையும் மனசுல வச்சுக்கிட்டு எனக்குச் சோறு போட்டியே!"

"கையை எடுங்க மாமா. காலை மாத்திரை போட்டீங்களா?"

"போடுறேன். நாக்பூருக்கு நானும் வரேன். தெனம் உன்னை ஆபீஸ் வாசல்ல விட்டுட்டு, சாயங்காலம் கூட்டிட்டு வருவேன். எவன் சிரிக்கிறான்னு பாக்குறேன்!"

கிரிஜா பதில் சொல்ல வாய் திறந்தாள். அழுகைதான் வந்தது. கணவனின் நிம்மதியான முகத்தைக் கடைசியாகப் பார்த்தவளாகவே பதினோரு வருடம் நடித்தவள், இன்றைக்குத்தான் வாய்விட்டு அழுதாள்.